‘சாவி’ என்ற ஒரு சொல்லும் சில புத்தகங்களும்

அம்மாவுக்குப் பக்கவாதம் வந்த முதல் மாதத்தில் எனக்கு ஏழு புத்தகங்கள் பரிசாக வந்தன. ஏழும் துன்பத்தை வென்றவர்களின் கதைகள். பார்க்க வந்தவர்கள் கட்டிலோரம் வைத்துவிட்டுப் போனார்கள். ஏறக்குறைய எல்லா அட்டையிலும் ஒரு மலையுச்சி, அதன்மேல் கையை விரித்து நிற்கும் ஓர் ஆள், அவருக்குப் பின்னால் சூரியன். நான் அப்போது அம்மாவுக்கு முதுகில் புண் வராமல் இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை புரட்டிப் படுக்கவைக்கப் பழகிக்கொண்டிருந்தேன். ஏழில் ஆறு புத்தகங்களை இன்றுவரை படித்து முடிக்கவில்லை. கொடுத்தவர்கள்மேல் வருத்தம் எதுவும் இல்லை. வெறுங்கையோடு வர யாருக்கும் மனம் வராது, அவ்வளவுதான்.

அடைப்பு மூளையின் இடப்பக்கத்தில். வலது கையும் காலும் விழுந்துவிட்டன. கூடவே பேச்சும் போயிற்று. அஃபேசியா என்றார்கள். பக்கவாதம் வந்தவர்களில் ஏறத்தாழ மூன்றில் ஒருவருக்கு இது வருகிறதாம். காது கேட்கும், ஆளைத் தெரியும், என்ன வேண்டும் என்பதும் தெரியும். அதற்கான சொல் மட்டும் வராது. வந்தாலும் வேறு சொல்லாக வரும். அம்மாவுக்கு எஞ்சிய ஒரே சொல் ‘சாவி’. தண்ணீர் வேண்டுமென்றாலும் சாவி, கால் வலித்தாலும் சாவி, என்னைக் கூப்பிட்டாலும் சாவி. 31 ஆண்டுகள் தொடக்கப்பள்ளியில் பாடம் எடுத்தவர். ஏன் அந்தச் சொல் மட்டும் தங்கியது என்று நானும் அண்ணனும் எவ்வளவோ யோசித்தோம். அதற்குப் பொருள் ஒன்றும் இருக்க வேண்டியதில்லை என்று ஸ்பீச் தெரபிஸ்ட் சொன்ன பிறகுதான் விட்டோம்.

நான் சிறுவயதிலிருந்தே படிக்கிறவள். கையில் புத்தகம் இருந்தால் எதையும் தாண்டிவிடலாம் என்று நம்பியவள். அந்த நாட்களில் ஒரு பக்கம்கூட ஓடவில்லை. மூன்றாவது வரிக்கு வரும்போது முதல் வரி மறந்திருக்கும். தூக்கமில்லாமல், பாதிக் காதை எப்போதும் கட்டிலின் பக்கம் வைத்திருக்கும் ஒருவருக்கு முந்நூறு பக்க உரைநடை வேலைக்கு ஆகாது. இதை முதலிலேயே யாராவது சொல்லியிருந்தால், ‘படிக்கக்கூட முடியவில்லையே’ என்ற கூடுதல் குற்றவுணர்ச்சியாவது மிச்சமாகியிருக்கும்.

பன்னிரண்டாம் நாள் இரவோ பதின்மூன்றாம் நாள் இரவோ, வீட்டிலிருந்து மாற்றுத்துணியோடு எடுத்து வந்த அம்மாவின் பழைய புறநானூற்றைப் பிரித்தேன். 112ஆம் பாட்டு. பாரி மகளிர் பாடியது, ஐந்தே வரிகள். ‘அற்றைத் திங்கள் அவ்வெண் நிலவின்’ என்று தொடங்கும். மூவேந்தரும் முற்றுகையிட்டு, பாரி இறந்து, பறம்பு மலை கைவிட்டுப் போன பின் அவனுடைய பெண்கள் சொல்வது. அந்த மாதம், அந்த வெண்ணிலவில், எங்கள் அப்பா இருந்தார், எங்கள் மலையும் எங்களிடம் இருந்தது. இந்த மாதம், இந்த வெண்ணிலவில், மலையும் போயிற்று, அப்பாவும் இல்லை. அவ்வளவுதான் பாட்டு. தைரியமாக இரு என்று அதில் யாரும் சொல்லவில்லை, காலம் ஆற்றும் என்றும் சொல்லவில்லை. அதே நிலாதான், மற்றதெல்லாம் மாறிவிட்டது என்று காட்டிவிட்டு நின்றுகொள்கிறது.

எனக்குப் போன மாதம் என்பது அம்மா போனில் என்னைத் திட்டிய மாதம். மாதக்கணக்காக வீட்டுப் பக்கம் வரவில்லை என்று திட்டினார். அந்தக் குரலை நான் பதிவுசெய்து வைக்கவில்லை. அந்த ஐந்து வரிகளைப் படித்த பிறகுதான் எனக்கு முதன்முதலாக அழுகை வந்தது. கைவிளக்கின் வெளிச்சத்தில் பாட்டை ஒரு நோட்டில் எழுதி வைத்தேன். மருந்து வேளைகளைக் குறிக்க வாங்கிய நோட்டு அது.

இதிலிருந்து நான் கற்றது ஒன்று. கவனம் சிதறிக் கிடக்கும்போது கவிதைதான் தோதாக இருக்கிறது. கவிதை உயர்ந்தது, உரைநடை தாழ்ந்தது என்ற கணக்கு இதில் இல்லை, நீளம்தான் காரணம். செவிலியர் வந்து கூப்பிடுவதற்குள் ஐந்து வரியைப் படித்து முடித்துவிடலாம். அரைகுறையாக நிறுத்திய குறை இருக்காது. மறுநாள் அதையே திரும்பப் படித்தாலும் ஒன்றும் குறையப்போவதில்லை. கையால் எழுதிப் பார்ப்பதும் உதவியது. கண் வழுக்கிக்கொண்டு போகிற வரியைக் கை கொஞ்சம் பிடித்து நிறுத்துகிறது.

அந்த வாரம்தான் உறவினர் ஒருவர் வந்து ‘இடுக்கண் வருங்கால் நகுக’ என்று குறள் சொன்னார். எனக்கு வந்த கோபத்தில் குறளையே வெறுத்திருப்பேன். அவர் போன பிறகு, அப்படி என்னதான் அந்த அதிகாரத்தில் இருக்கிறது என்று இடுக்கண் அழியாமையைத் தேடிப் படித்தேன். சிரிக்கச் சொல்வது 621. அங்கிருந்து மூன்று குறள் தள்ளி 624: ‘மடுத்தவா யெல்லாம் பகடன்னான் உற்ற இடுக்கண் இடர்ப்பாடு உடைத்து.’ தடைப்பட்ட இடத்திலெல்லாம் வண்டியை இழுக்கும் எருது போன்றவனை வந்தடைந்த துன்பம், தானே துன்பப்படும். இந்த எருது சிரிக்கவில்லை, பாருங்கள். சேற்றில் முட்டி போட்டுக்கூட இழுக்கிறது. ஒரே அதிகாரத்தில் இரண்டும் இருக்கின்றன. வள்ளுவருக்கு இரண்டும் தெரிந்திருக்கிறது, ஆறுதல் சொல்ல வருகிறவர்களுக்கு முதல் குறளோடு மனப்பாடம் முடிந்துவிடுகிறது. அம்மாவைப் புரட்டும்போதெல்லாம் எனக்கு அந்த எருதுதான் ஞாபகம் வந்தது, இருவரில் யார் எருது என்பது மட்டும் தெளிவாகவில்லை.

பரிசாக வந்த ஏழில் நான் முடித்த ஒன்று, நாஜி முகாம்களிலிருந்து மீண்டு வந்த மனநல மருத்துவர் விக்டர் ஃபிராங்கல் எழுதியது. 1945இல் ஒன்பதே நாட்களில் சொல்லி எழுதவைத்தது, 1946இல் வெளிவந்தது. முதலில் தன் பெயரைப் போடாமல் கைதி எண்ணை மட்டும் போட்டு வெளியிடத்தான் அவர் நினைத்தாராம். இதை எனக்குக் கொடுத்தவர், ‘எல்லாவற்றுக்கும் ஓர் அர்த்தம் இருக்கிறது என்று இதில் இருக்கிறது, படி’ என்றார். படித்தால் தொடக்கத்திலேயே வேறொன்று இருக்கிறது: எங்களில் மிகச் சிறந்தவர்கள் திரும்பி வரவில்லை என்கிறார். தப்பிப் பிழைத்தது தன் திறமை என்று அவர் சொல்லிக்கொள்ளவில்லை. மனவுறுதி உள்ளவர் பிழைப்பார், இல்லாதவர் போய்ச்சேர்வார் என்ற பாடத்தை அந்தப் புத்தகத்தின் தலையில் கட்டியது வாசகர்கள்தான்.

அம்மா எழுந்து நடக்கவில்லை என்றால் அவருக்கு ‘மன உறுதி போதவில்லை’ என்று சொல்லக் காத்திருந்த ஓர் ஊரே அப்போது என்னைச் சுற்றி இருந்தது. அதனால்தான் இதை இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன். இந்த வகைப் புத்தகங்களை மேற்கோள் வழியாகத் தெரிந்துகொள்ளாதீர்கள். உண்மையாகவே பட்டு மீண்டவர்கள் பெரும்பாலும் பாடம் சொல்லக் கூசுகிறார்கள். நான் ஒரு புத்தகத்தை நம்பலாமா என்று பார்க்க இப்போது இதைத்தான் தேடுகிறேன்: மீளாதவர்களைப் பற்றி அதில் ஒரு பக்கமாவது இருக்கிறதா?

அப்புறம், நேரடியாகப் பயன்பட்ட புத்தகம். ஜில் போல்ட் டெய்லர் என்ற மூளை ஆய்வாளருக்கு 1996 டிசம்பரில், 37ஆவது வயதில், மூளையின் இடப்பக்கத்தில் ரத்தக்கசிவு. பேச்சு, நடை, எழுத்து எல்லாம் போய், முழுதாக மீள எட்டு ஆண்டுகள் ஆயின. அதை ‘மை ஸ்ட்ரோக் ஆஃப் இன்சைட்’ என்ற புத்தகமாக எழுதினார். அதில் வலது மூளை, பேரமைதி என்று போகும் பகுதிகளில் எனக்கு மனம் ஒட்டவில்லை, தாண்டிவிட்டேன். புத்தகத்தின் கடைசியில் ஒரு பின்னிணைப்பு இருக்கிறது, ‘எனக்கு மிகவும் தேவைப்பட்ட நாற்பது விஷயங்கள்’ என்று. முதல் வரியே, நான் முட்டாள் இல்லை, காயம்பட்டிருக்கிறேன் என்பது. மெதுவாகப் பேசுங்கள், ஆனால் கத்தாதீர்கள், எனக்குக் காது கேட்கும். இருபதாவது தடவை சொல்லித்தரும்போதும் முதல் தடவைக்குரிய பொறுமையோடு சொல்லித்தாருங்கள். பார்க்க வருகிறவர்கள் சீக்கிரம் கிளம்பட்டும், பேச்சுச் சத்தம் எனக்குக் களைப்பைத் தருகிறது. இப்படிப் போகிறது.

நாற்பதில் எங்களுக்குப் பொருந்திய பதினொன்றைத் தமிழில் எழுதி, ஜெராக்ஸ் எடுத்து, கதவில் ஒன்றும் கட்டில் தலைமாட்டில் ஒன்றும் ஒட்டினேன். அண்ணனுக்கு முதலில் கூச்சம், வருகிறவர்கள் என்ன நினைப்பார்கள் என்று. மறுவாரமே அவன்தான் வருகிறவர்களைக் கதவருகே நிறுத்திப் படிக்கவைத்தான். அம்மாவின் முகத்துக்கு நேரே நின்றுகொண்டு ‘என்னைத் தெரியுதா? நான் யாரு சொல்லு?’ என்று கத்துவது அத்தோடு நின்றது. புத்தகங்களால் எனக்குக் கிடைத்த மிக உறுதியான லாபம் எது என்று கேட்டால் இந்தத் தாளைத்தான் காட்டுவேன். நோய் அனுபவம் எழுதிய புத்தகம் கையில் கிடைத்தால் முதலில் பின்பக்கத்தைப் பிரியுங்கள். பின்னிணைப்பில் பட்டியல் இருந்தால் அதைப் படித்துவிட்டு, கதையை நேரம் வரும்போது படித்துக்கொள்ளலாம்.

இதே துணிச்சலில் நான் செய்த ஒரு தப்பையும் சொல்ல வேண்டும். ழான் டொமினிக் போபி என்ற பிரெஞ்சுப் பத்திரிகை ஆசிரியருக்கு 1995 டிசம்பரில் பக்கவாதம் வந்து உடல் முழுக்கச் செயலிழந்தது. இடது கண் இமையை மட்டும் அசைக்க முடிந்தது. எதிரே இருப்பவர் எழுத்துகளை வரிசையாகச் சொல்வார், பிரெஞ்சில் அதிகம் வரும் எழுத்து முதலில். வேண்டிய எழுத்து வரும்போது அவர் கண் சிமிட்டுவார். இப்படி ஒவ்வோர் எழுத்தாகச் சொல்லியே ஒரு முழுப் புத்தகத்தை முடித்தார். 1997 மார்ச்சில் புத்தகம் வந்த சில நாட்களிலேயே இறந்துபோனார்.

படித்துவிட்டு எனக்கு வெறியே பிடித்துவிட்டது. அம்மாவுக்கு இமை மட்டுமா, இடது கையே நன்றாக இருக்கிறதே! இரண்டு இரவு உட்கார்ந்து ஓர் அட்டை தயாரித்தேன். 247 எழுத்தையும் போட முடியாது என்று உயிர் பன்னிரண்டு, மெய் பதினெட்டு, கீழே கால், கொம்பு, கொக்கி. அம்மா முன்னால் பிடித்து, ‘என்ன வேணும்னு தொட்டுக் காட்டும்மா’ என்றேன். அம்மா அட்டையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். விரலை ‘ப’ மேல் வைத்தார், எடுத்தார், ‘ள’ மேல் வைத்தார். பிறகு இடது கையால் அட்டையைத் தள்ளிவிட்டுச் சுவரின் பக்கம் திரும்பிக்கொண்டார். எத்தனை தலைமுறைக் குழந்தைகளுக்கு ‘அ’ எழுதப் பழக்கியவர். அன்று சாயங்காலம் வரை திரும்பவே இல்லை.

ஸ்பீச் தெரபிஸ்ட் திட்டவில்லை, விளக்கினார். போபிக்குள் மொழி முழுதாக இருந்தது, வெளியே வரத்தான் வழியில்லை. அம்மாவுக்கு அடிபட்டது மொழியே. வாயால் வராத சொல் விரலாலும் வராது, ஏனென்றால் எழுத்துக்கூட்டுவதும் அதே இடத்துக் காரியம். தினமும் அம்மா செய்தித்தாளைக் கையில் பிடித்துப் பக்கம் திருப்புவதைப் பார்த்து, படிக்கிறார் என்று நாங்கள் சந்தோஷப்பட்டுக்கொண்டிருந்தோம். அவர் சோதித்துக் காட்டினார்: ஒற்றைச் சொல்லும் படமும் புரிகிறது, நீண்ட வாக்கியம் புரியவில்லை. பக்கம் திருப்புவது பழக்கம். ஒரே ‘பக்கவாதம்’ என்ற பெயருக்குள் எத்தனை வேறு வேறு நோய் இருக்கிறது என்பது எனக்கு அன்றுதான் உறைத்தது. இன்னொருவர் மீண்ட வழியை வீட்டில் நடைமுறைப்படுத்தும் முன் ஒரே ஒரு கேள்வியைச் சிகிச்சை தருகிறவரிடம் கேட்டுவிடுங்கள்: இவருக்குப் போனதும் எங்கள் ஆளுக்குப் போனதும் ஒன்றா?

அவரேதான் கடைசியில், ‘அம்மாவுக்கு மனப்பாடமாகத் தெரிந்த பாட்டு ஏதாவது உண்டா?’ என்று கேட்டார். தொடக்கப்பள்ளி ஆசிரியையிடம் கேட்கிற கேள்வியா அது. ‘நீங்கள் தொடங்குங்கள், கடைசிச் சொல்லுக்கு முன் நிறுத்துங்கள். நிறுத்திவிட்டு மனசுக்குள் பத்து வரை எண்ணுங்கள். இடையில் எடுத்துக்கொடுக்காதீர்கள்’ என்றார்.

‘அறம் செய’ என்றேன். ஒன்று, இரண்டு, மூன்று. ஏழு எண்ணும்போது அம்மா, ‘விரும்பு’ என்றார்.

நாற்பது நாளில் சாவியைத் தவிர வந்த முதல் சொல். ‘ஆறுவது’ என்றதும் ‘சினம்’. ‘இயல்வது’, ‘கரவேல்’. குரல் கரகரத்தாலும் வகுப்பறை ராகம் அப்படியே இருந்தது. ‘ஊக்கமது’ என்று சொல்லிவிட்டு நான் எண்ணவே இல்லை, வாயைப் பொத்திக்கொண்டிருந்தேன். ‘கைவிடேல்’ என்று முடித்துவிட்டு அம்மா என்னைப் பார்த்து, தாகம் என்று கையால் காட்டி, ‘சாவி’ என்றார்.

தெரபிஸ்ட் அங்கேயே எச்சரித்துவிட்டார், ஆசையை வளர்த்துக்கொள்ளாதீர்கள் என்று. மனப்பாடமாக வருவதும், பாட்டாக வருவதும், எண்ணிக்கையும் தானாக ஓடுகிற பேச்சு. நினைத்ததைச் சொல்வது வேறு வேலை. முதலாவது வந்தால் இரண்டாவது வந்துவிடும் என்று உறுதி கிடையாது. ஆனால் வாயும் மூச்சும் தாளத்துக்குப் பழகும், ‘என்னாலும் முடிகிறது’ என்று நோயாளிக்கும் தெரியும். ராகத்தோடு இழுத்து, இடது கையால் தட்டிக்கொண்டே சின்னச் சின்ன வாக்கியங்களைச் சொல்லப் பழக்கும் ஒரு முறையை அமெரிக்காவில் 1973லேயே விவரித்திருக்கிறார்கள். அந்த வழியில்தான் ‘தண்ணி வேணும்’ என்பதை ஆத்திசூடி ராகத்தில் பழக்கினோம். பதினெட்டு நாள் ஆயிற்று.

மனப்பாடம் என்ற சொல்லுக்கு எங்கள் தலைமுறையில் கெட்ட பெயர். புரியாமல் ஒப்பிப்பது என்றுதான் நானும் ஏளனம் செய்திருக்கிறேன். அன்றைக்கு அப்புறம் நான் படித்த புத்தகங்களில் அந்தச் சொல் வேறு முகத்தோடு வந்துகொண்டே இருந்தது. ரஷ்யக் கவிஞர் அன்னா அக்மதோவா, லெனின்கிராட் சிறை வாசலில் மகனுக்காக வரிசையில் நின்ற பதினேழு மாதங்களைக் கவிதையாக்கினார். தாளில் வைத்திருந்தால் உயிருக்கே ஆபத்து. ஆகவே நம்பிக்கையான தோழிகள் சிலர் வரிகளை மனப்பாடம் செய்துகொண்ட பின் தாளை எரித்துவிடுவார். கவிதை பல ஆண்டுகள் சில பெண்களின் தலைக்குள்தான் இருந்தது. இத்தாலிய எழுத்தாளர் பிரீமோ லெவி, நாஜிகளின் ஆஷ்விட்ஸ் முகாமில் சூப் அண்டாவை எடுத்துவரப் போகும் வழியில், கூட வரும் இளைஞனுக்குப் பழைய இத்தாலியக் கவி தாந்தேயின் வரிகளைச் சொல்ல முயல்கிறார். நடுவில் சில வரிகள் மறந்துவிடுகின்றன. விட்டுப்போன வரியை இணைக்க முடிந்தால் இன்றைய சூப்பையே கொடுத்துவிடுவேன் என்று எழுதுகிறார். பட்டினி முகாமில் சூப் என்றால் என்ன என்று தெரிந்தவர்களுக்கு அந்த வாக்கியத்தின் விலை புரியும்.

நான் வாரம் ஒரு பாட்டு மனப்பாடம் செய்ய ஆரம்பித்தேன். ஸ்கேன் அறைக்கு வெளியே, போனில் சார்ஜ் இல்லாமல், பெயரைக் கூப்பிடுவார்கள் என்று காத்திருக்கும் நேரங்களுக்கு அதைப் போல் துணை வேறில்லை. சின்னப் பாட்டாக எடுத்துக்கொள்ளுங்கள். நல்ல நாளில் செய்து வைப்பது இன்னும் உசிதம்.

சுவீடன் கவிஞர் டோமாஸ் டிரான்ஸ்டிரோமர் என்னிடம் தாமதமாகத்தான் வந்து சேர்ந்தார். 1990இல் அவருக்கும் பக்கவாதம், அம்மாவுக்குப் போலவே வலப்பக்கமும் பேச்சும். அதன் பிறகும் கவிதைத் தொகுப்புகள் வெளியிட்டார். வரிகள் குறுகின, ஹைக்கூ அளவுக்கு. இடது கையால் பியானோ வாசித்தார். 2011இல் நோபல் பரிசு வந்தது. இதில் என்னைத் தூக்கிப்போட்டது நோபல் இல்லை. 1974லேயே எழுதிய நெடுங்கவிதை ஒன்றில், மூளையில் ரத்தக்கசிவு வந்து வலப்பக்கம் செயலிழந்து, தவறான சொற்களையே சொல்லும் ஓர் இசையமைப்பாளரைப் பற்றி எழுதியிருக்கிறார். தனக்கு நேர்வதற்குப் பதினாறு ஆண்டுகள் முன்னால்! அந்தப் பகுதியை நான் அம்மாவுக்குப் படித்துக்காட்டவில்லை. கவனித்துக்கொள்பவருக்கு வேண்டிய புத்தகம் வேறு, படுத்திருப்பவருக்கு வேண்டியது வேறு. அம்மா கேட்க விரும்பியவை பழைய பள்ளிப் பாடல்களும் ஒரு நகைச்சுவைத் தொடரும்தான். போராட்டம் பற்றிப் படிக்கப் போராடுகிறவருக்கு விருப்பம் இருக்காது என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

இப்போது நான் யாரையாவது பார்க்கப் போனால் புத்தகம் கொண்டுபோவதில்லை. ஒரு மாதம் கழித்து, பார்த்துக்கொள்ளும் ஆளிடம் போனில் கேட்பேன், ராத்திரியில் எவ்வளவு நேரம் விழித்திருக்கிறாய் என்று. ரொம்ப நேரம் என்றால் ஒரு கவிதைத் தொகுப்பு தருவேன், மெலிந்தது, ஒரு கையில் பிடிக்க முடிந்தது. ‘இதில் 40ஆம் பக்கம் மட்டும் பார், மற்றது வேண்டாம்’ என்று சீட்டு செருகித் தருவேன். திருப்பிக் கேட்கமாட்டேன், பிடித்திருந்ததா என்றும் கேட்கமாட்டேன்.

இரண்டு ஆண்டுகள் ஆகின்றன. அம்மா கைத்தடியோடு நடக்கிறார். இரண்டு சொல், மூன்று சொல் சேர்த்துப் பேசுகிறார். களைத்தால் சாவி திரும்பி வந்துவிடும். போன மாதம் ஒரு சாயங்காலம் அந்தப் பழைய மருந்து நோட்டைக் கண்டெடுத்து மடியில் வைத்துப் புரட்டிக்கொண்டிருந்தார். பாரி மகளிர் பாட்டு இருந்த பக்கத்தில் நின்றார். நான் பக்கத்தில் உட்கார்ந்து பாராமலே ஒப்பித்தேன், கடைசி வரிவரை: ‘குன்றும் கொண்டார் எந்தையும் இலமே.’

அம்மா என் கையைத் தட்டி, ‘சாவி’ என்றார். திரும்பச் சொன்னேன். ‘ம்ஹூம். சாவி.’ நோட்டைக் காட்டினேன், அப்படித்தான் எழுதியிருந்தேன். அம்மா அலமாரியைக் கைகாட்டினார். புறநானூற்றை எடுத்து வந்து பார்த்தேன். ‘குன்றும் கொண்டார் யாம் எந்தையும் இலமே.’ அந்த இரவில் எழுதும்போது ‘யாம்’ விட்டுப்போயிருக்கிறது. இரண்டு வருடமாக அதைத் தப்பாகவே சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன்.

அம்மா என் பேனாவை இடது கையில் வாங்கி, ‘கொண்டார்’ என்பதற்குப் பக்கத்தில், விடைத்தாள் திருத்துகிற மாதிரி, கோணலாக ஒரு கூரைக்குறி போட்டார்.